கல்லைக் கடிக்கும் கிளிமீன்: பென்னாகரம் பக்கத்துப் பிள்ளைகளும் பெற்றோரும் கேட்ட கேள்விகள்

பென்னாகரத்துக்குப் பக்கத்தில் ஒரு பள்ளியில் அறிவியல் ஆசிரியையாக இருக்கிறேன். இரண்டு வருடத்துக்கு முன் எங்கள் பிள்ளைகளை ராமநாதபுரம் கடற்கரைக்குக் கூட்டிப்போய், கண்ணாடிப் படகில் ஏற்றிப் பவளப்பாறையைக் காட்டினோம். போக மட்டும் 400 கிலோமீட்டருக்கு மேல். பாதிப் பேர் கடலையே அன்றைக்குத்தான் முதலில் பார்த்தார்கள். ஊருக்குத் திரும்பிய நாளிலிருந்து கேள்விகள் நிற்கவில்லை. வகுப்பில் பிள்ளைகள் கேட்டது, வீட்டில் அம்மா அப்பா கேட்டனுப்பியது, சந்தையில் என்னை நிறுத்திக் கேட்டது என்று எல்லாவற்றையும் இங்கே சேர்த்து வைக்கிறேன்.

கிளிமீன் என்பது எது?

வாயைப் பார்த்தாலே தெரியும். முன்பற்கள் எல்லாம் ஒன்றோடு ஒன்று ஒட்டி, மேலே ஒன்றும் கீழே ஒன்றுமாகக் கிளியின் அலகு போலவே இருக்கும். நிறமும் கிளியை நினைவூட்டும்: பச்சை, நீலம், இளஞ்சிவப்பு, மஞ்சள். உலகத்தின் வெப்பக் கடல்களில் ஏறக்குறைய 100 வகை உண்டு. மாலத்தீவு, லட்சத்தீவு, அந்தமான், நம் மன்னார் வளைகுடா என்று பவளப்பாறை இருக்கும் இடமெல்லாம் இதுவும் இருக்கும். நாங்கள் பார்த்தது மஞ்சள் உடம்பில் நீலப் பட்டை போட்ட வகை. மன்னார் வளைகுடாவில் அடிக்கடி கண்ணில் படுவது அதுதான்.

கடையில் ஆரஞ்சு நிறத்தில் 'பேரட் ஃபிஷ்' என்று விற்கிறார்களே, அதுவா இது?

இல்லை. தர்மபுரியிலும் கிருஷ்ணகிரியிலும் மீன் தொட்டிக் கடைகளில் உருண்டையாக, ஆரஞ்சு நிறத்தில் இருக்கும் 'பிளட் பேரட்' நன்னீர் மீன். 1980-களில் தைவானில் இரண்டு வேறு வகை சிக்லிட் மீன்களைக் கலந்து உருவாக்கினார்கள். கடலிலோ ஆற்றிலோ எங்கேயும் அது தானாகப் பிறந்து வளர்ந்ததில்லை. கிருஷ்ணகிரி அணைக்குப் போனால் வறுத்துத் தருகிறார்களே ஜிலேபி மீன், அதுவும் சிக்லிட் குடும்பம்தான். ஆகவே கடை பேரட் கிளிமீனைவிட ஜிலேபிக்குத்தான் நெருங்கிய சொந்தம்.

அந்த மீனைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு மனசு கஷ்டமாக இருக்கும். அதன் வாய் முழுதாக மூடாது. சின்ன முக்கோணமாகத் திறந்தபடியே இருக்கும். கடிக்க முடியாததால் தொண்டைக்குள் இருக்கும் பல்லால் அரைத்துச் சமாளிக்கிறது. நீலத்திலோ ஊதாவிலோ பேரட் விற்றால் அது சாயம் ஏற்றிய மீன். இதய வடிவத்தில் இருந்தால் குஞ்சாக இருக்கும்போதே வாலை வெட்டியிருக்கிறார்கள். அந்த இரண்டையும் தயவுசெய்து வாங்காதீர்கள்.

ஓசூரில் கேரளச் சாப்பாட்டுக் கடையில் 'கிளிமீன்' வறுவல் சாப்பிட்டேன். அது?

அதுவும் வேறு. மலையாளத்தில் கிளிமீன் என்றால் இளஞ்சிவப்பாக, மெலிந்து நீண்ட ஒரு மீன். நம் பக்கம் சங்கரா என்று விற்கும் மீன்களில் அதுவும் ஒன்று. பேர்தான் ஒன்று. பாறையைக் கடிக்கும் அலகு அதற்குக் கிடையாது.

டீச்சர், அது நிஜமாகவே கல்லைத் தின்னுதா?

படகில் இருந்தபோதே வந்த கேள்வி இது. படகோட்டி எஞ்சினை நிறுத்திவிட்டுக் கழியை ஊன்றினார். பிள்ளைகள் கண்ணாடியைச் சுற்றிக் குப்புறப் படுத்துக்கொண்டார்கள். முதலில் மங்கலான பச்சை மட்டும்தான் தெரிந்தது. கண் பழகியதும் ஒரு பாறை, அதன்மேல் நான்கைந்து மஞ்சள் மீன்கள். ஒன்று தலையைச் சாய்த்து வாயைப் பாறையில் வைத்து ஒரு கடி கடித்தது. அது விலகியதும் அந்த இடத்தில் சாக்பீஸால் கீறியதுபோல் இரண்டு சின்ன வெள்ளைக் கோடு. பிறகு கொஞ்ச தூரம் நீந்திப் போனது. வாலுக்கு முன்னால் அடிவயிற்றிலிருந்து வெள்ளையாக ஏதோ புகைபோல் கொட்டி, தண்ணீரில் மெதுவாக இறங்கியது.

"டீச்சர், அது கல்லைத் தின்னு மாவாப் போடுது!" என்று கத்தினாள் ஒன்பதாம் வகுப்புப் பெண் ஒருத்தி.

"உள்ள முங்கிப் பாத்தா கறுக் கறுக்குனு சத்தமே கேக்கும் பாப்பா" என்றார் படகோட்டி.

அவள் சொன்னது அப்படியே சரி. ஆனால் மீனுக்கு வேண்டியது கல் இல்லை. பாறைமேல் மெல்லிய படலமாகப் பாசி படர்ந்திருக்கும். பாசியோடும், பாறையின் நுண்ணிய துளைகளுக்குள்ளும் கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர்கள் வாழும். மீன் பாசியைத்தான் தின்கிறது என்று வெகுகாலம் நினைத்தார்கள். கடந்த பத்து வருடத்து ஆராய்ச்சி, அதற்குச் சத்துக் கொடுப்பதில் பெரும்பங்கு புரதம் நிறைந்த அந்த நுண்ணுயிர்களுடையது என்கிறது. அவற்றை எடுக்க வேண்டுமென்றால் கல்லையும் சேர்த்துச் சுரண்டத்தான் வேண்டும். உயிருள்ள பவளத்தையே அதிகம் தின்பவை சில வகைகள்தான். பெரும்பாலானவை செத்த பாறையின்மேல் மேய்கின்றன.

கடித்தது தொண்டைக்குப் போகிறது. அங்கே இன்னொரு ஜோடித் தாடை இருக்கிறது. மேலும் கீழும் பல் பதித்த இரண்டு எலும்புத் தட்டுகள் உரசி உரசி அரைக்கின்றன. பிள்ளைகளுக்குச் சொல்லும்போது நான் பாட்டி வீட்டுத் திருகைக்கல்லைச் சொல்வேன். ராகியைக் குழியில் போட்டுச் சுற்றினால் ஓரத்தில் மாவு கொட்டுமே, அதேதான். கிளிமீனுக்கு வயிறு என்று தனியாக ஒன்று கிடையாது. அரைத்த மாவு நேராக நீண்ட குடலுக்குப் போகும். சத்தை எடுத்துக்கொண்டு சுண்ணாம்பை மணலாக வெளியே விட்டுவிடும்.

இதில் பாறைக்கு என்ன லாபம் என்று கேட்க வேண்டும். கொல்லையில் ராகி விதைத்துவிட்டுக் களை வெட்டாமல் விட்டால் என்ன ஆகும் என்று இந்தப் பக்கத்துப் பிள்ளைகளுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. பவளம் மிக மெதுவாக வளரும் உயிர். பாசி மளமளவென்று வளரும். பாசி மூடிவிட்டால் கடலில் மிதந்து வரும் பவளக் குஞ்சு ஒட்டி உட்கார இடமே இருக்காது. கிளிமீன் மேய்ந்து மேய்ந்து அந்த இடத்தைக் காலி செய்து வைக்கிறது. எல்லோரும் இதை அழகான மீன் என்கிறார்கள். எனக்கு இது முதலில் ஒரு வேலைக்கார மீன்.

தீவுகளின் வெள்ளை மணல் எல்லாம் மீன் கழிவு என்கிறார்களே, உண்மையா?

பெரும்பங்கு உண்மை, இடத்தைப் பொறுத்து. எங்கள் தெருவில் ஒரு அண்ணன் கொஞ்ச காலம் லட்சத்தீவில், கவரத்தி என்ற தீவில் வேலை பார்த்தார். அவர் ஊருக்கு வந்தபோது பையின் மூலையில் தையலோடு ஒட்டியிருந்த மணலை ஒரு சிட்டிகை தட்டி எடுத்தோம். இன்னொரு காகிதத்தில் தென்பெண்ணை ஆற்று மணல் ஒரு சிட்டிகை. இரண்டையும் பூதக்கண்ணாடியில் பார்க்கச் சொன்னேன்.

ஆற்று மணல் கண்ணாடித் தூள்போல் மின்னியது. நடுவில் கறுப்பாகவும் சிவப்பாகவும் துணுக்குகள். தீவு மணல் மின்னவில்லை. மங்கிய வெள்ளை, அங்கங்கே ரோஸ், ஓரம் மழுங்கிய துகள்கள், ஒன்றிரண்டில் ஊசிமுனைத் துளை. அப்புறம் இரண்டின்மேலும் எலுமிச்சைச் சாறு ஒரு சொட்டு. ஆற்று மணல் சும்மா நனைந்தது. தீவு மணல் நுரைத்தது. வகுப்பே எழுந்து வந்துவிட்டது.

நம் ஆற்று மணல் மலைப்பாறை உடைந்து வந்தது, பெரும்பாலும் படிகக்கல். தீவு மணல் உயிர்கள் கட்டிய சுண்ணாம்பு. பவளத் துண்டு, சிப்பி ஓடு, சுண்ணாம்பு சேர்க்கும் பாசி எல்லாம் அதில் கலந்திருக்கும். புளிப்புப் பட்டால் கரியமில வாயு வெளியேறி நுரைக்கும்.

இதில் மீனின் பங்கு எவ்வளவு? மாலத்தீவில் வக்காரு என்ற தீவைச் சுற்றியுள்ள பாறைத்திட்டில் அளந்து பார்த்து 2015-ல் வெளியிட்டார்கள். அங்கே புதிதாக உண்டாகும் மணலில் 85 சதவீதத்துக்கு மேல் கிளிமீன் அரைத்துப் போட்டது. வகைகளிலேயே பெரியது நெற்றி புடைத்த கிளிமீன். 1.3 மீட்டர் வரை வளரும். அந்த ஒரே மீன் ஒரு வருடத்தில் 5 டன்னுக்கு மேல் பாறையைக் கடித்து அரைக்கிறது என்று ஆஸ்திரேலியாவின் பெருந்தடுப்புப் பவளத்திட்டில் கணக்கிட்டிருக்கிறார்கள்.

லட்சத்தீவும் மாலத்தீவும் கடல் மட்டத்திலிருந்து ஓரிரு மீட்டர் உயரத்தில் இருப்பவை. அலை மணலை எடுத்துப் போய்க்கொண்டே இருக்கும். யாராவது போட்டுக்கொண்டே இருக்க வேண்டும். அங்கே வீடு கட்டிக் குடியிருப்பவர்களின் கால் அடியில் இருக்கும் நிலத்தில் இந்த மீனின் உழைப்பும் இருக்கிறது. இதைச் சொன்னபோது கடைசி பெஞ்சில்கூடச் சத்தம் இல்லை.

கல்லைக் கடித்தும் பல் ஏன் தேயவில்லை?

இதைக் கேட்ட பையனின் முன்பல் இரண்டிலும் காவிக் கறை உண்டு. எனக்கும் உண்டு. தர்மபுரி, கிருஷ்ணகிரி மாவட்டத்தில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு இது ஏன் என்று தெரியும். இங்கே பாறையிலேயே ஃப்ளோரைடு இருக்கிறது. போர்த் தண்ணீரில் அது கரைந்து வருகிறது. குடிநீரில் லிட்டருக்கு 1 மில்லிகிராம் என்பது அளவு, வேறு தண்ணீரே இல்லாத இடத்தில் 1.5 வரை. அதைத் தாண்டிய கிணறுகள் நம் பக்கம் எத்தனையோ. 2013-ல் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் தொடங்கியது இதற்காகவும்தான். ஃப்ளோரோசிஸ், அதாவது ஃப்ளோரைடு மிஞ்சி வரும் பாதிப்பைக் குறைப்பது என்று அதன் முழுப் பெயரிலேயே இருக்கிறது.

சரி, மீனுக்கு வருவோம். பசிபிக் பக்கத்துக் கிளிமீன் ஒன்றின் அலகை எடுத்து எக்ஸ்-கதிர் விட்டுப் பார்த்து 2017-ல் எழுதினார்கள். அந்த அலகில் சுமார் 1,000 பற்கள், 15 வரிசை. ஒன்றோடொன்று ஒட்டவைத்ததுபோல் இறுகியிருக்கின்றன. முன்வரிசை தேய்ந்து உதிர்ந்தால் பின்வரிசை முன்னால் வந்துவிடும். ஆகவே தேயாமல் இல்லை, தேயத் தேயப் புதிதாக வருகிறது. பல்லின் பொருள் என்ன தெரியுமா? ஃப்ளோர்அபடைட். கால்சியம், பாஸ்பேட், அதனோடு ஃப்ளோரைடு. நம் பல்லைக் கறையாக்கிய அதே ஃப்ளோரைடு!

அந்தப் படிகங்கள் முடிமாதிரி மெல்லிசாக, கட்டுக்கட்டாகச் சேர்ந்து, கூடை முடைந்ததுபோல் ஒன்றுக்குள் ஒன்று பின்னிக் கிடக்கின்றன. நுனிக்குப் போகப் போகக் கட்டுகள் இன்னும் மெல்லிசாகின்றன, பல் இன்னும் கடினமாகிறது. கடிக்கும் முனை செம்பு, வெள்ளி, தங்கத்தைவிடக் கடினம்.

"அப்ப நமக்கு மட்டும் ஏன் டீச்சர் பல்லு கெட்டுப்போச்சு?" என்றான் அந்தப் பையன். நியாயமான கேள்வி. நம் பல்லின் எனாமல் வேறு விதமான அபடைட். அதில் கொஞ்சூண்டு ஃப்ளோரைடு சேர்ந்தால் பல் சொத்தையை நன்றாகவே தாங்கும். பற்பசையில் போடுவதும் அதனால்தான். ஆனால் குழந்தைப் பருவத்தில், ஈறுக்குள் பல் உருவாகிக்கொண்டிருக்கும்போது அளவுக்கு மிஞ்சி உடம்புக்குள் போனால் எனாமல் கட்டும் செல்களின் வேலை கெடுகிறது. எனாமல் இறுகாமல் நுண்துளைகளோடு நின்றுவிடும். அந்தத் துளைகளில் பிறகு கறை ஏறும். இன்னும் அதிகமானால் எலும்பும் மூட்டும் இறுகிப்போகும். மீன் அந்தப் பொருளைத் தன் பல்லுக்குள் மட்டும், தனக்குத் தேவையான ஒழுங்கில் அடுக்குகிறது. நம் உடம்புக்கு அந்த வித்தை தெரியாது.

இதைக் கேட்டுவிட்டு ஒரு அப்பா, "அப்ப போர்த் தண்ணியே குடிக்கலாமா டீச்சர், பல்லு கெட்டியாகுமே?" என்று கேட்டார். வேண்டாம் சார். குழந்தைகளுக்கு ஒகேனக்கல் தண்ணீரையே கொடுங்கள்.

ஏன் இவ்வளவு நிறம்? இப்படிப் பளிச்சென்று இருந்தால் பெரிய மீன் பிடித்துத் தின்றுவிடாதா?

நாம் பார்ப்பது வேறு, அங்கே பார்ப்பது வேறு. தண்ணீர் சிவப்பு வெளிச்சத்தை முதலில் விழுங்கிவிடும். பத்து மீட்டர் இறங்கினால் ரத்தச் சிவப்பு மீன்கூடக் கருத்த பழுப்பாகத் தெரியும். ஆழத்தில் மறைந்துகொள்ளச் சிவப்புச் சட்டை நல்ல சட்டை. நீலமும் மஞ்சளும் வெகுதூரம் போகும். பக்கத்தில் இருக்கும் ஜோடிக்கு அந்த நீல-மஞ்சள் கோடுகள் தெளிவாகத் தெரியும். தூரத்தில் இருக்கும் பகைவனுக்குக் கோடுகள் கலந்து சாம்பலாகி, பின்னாலிருக்கும் கடலோடு கலந்துவிடும். சுங்குடிச் சேலையைத் தெருமுனையிலிருந்து பார்த்தால் புள்ளி தெரியாமல் ஒரே நிறமாகத் தெரிகிறதல்லவா, அந்த மாதிரி.

இன்னொன்று: ஒரே பாறையில் நூற்றுக்கணக்கான வகை மீன்கள் நெருக்கியடித்து வாழ்கின்றன. தன் இனம் எது, ஆண் எது, பெண் எது, இந்த இடம் யாருடையது என்று ஒரு நொடியில் தெரிய வேண்டும். தெளிந்த தண்ணீர், நல்ல வெயில், நிறம் பார்க்கும் கண். அங்கே நிறமே பேச்சு.

கிளிமீனின் நீலத்தைத் தொட்டுச் சாயம்போல் எடுக்க முடியாது. பெரும்பாலான மீன்களின் நீலம், தோலுக்குள் அடுக்கியிருக்கும் நுண்படிகத் தகடுகளில் வெளிச்சம் பட்டுத் திரும்புவதால் வருவது. சோப்பு நுரையில் நிறம் தெரிவது போல. நிஜமான நீலச் சாயமே உடம்பில் உள்ள மீன் மிக அபூர்வம். பசிபிக்கில் வாழும் மாண்டரின் மீன் அப்படி ஒன்று.

கிளிமீன் பெண்ணாகப் பிறந்து ஆணாக மாறும் என்று பிள்ளை வந்து சொல்கிறான். இதையெல்லாமா சொல்லிக்கொடுக்கிறீர்கள்?

ஆமாம், உண்மையைத்தான் சொல்லிக்கொடுக்கிறேன். பல வகைக் கிளிமீன்களில் பெரும்பாலானவை பெண்ணாக வாழ்க்கையைத் தொடங்குகின்றன. அப்போது சாம்பல், பழுப்பு, மஞ்சள் என்று அடக்கமான நிறம். ஒரு பெரிய ஆண் சில பெண்களோடு ஓர் இடத்தைக் காத்து நிற்கும். அது செத்துவிட்டாலோ பிடிபட்டாலோ, பெண்களில் பெரியது ஆணாக மாறி, பச்சையும் நீலமுமாகப் புது நிறம் எடுத்து அந்த இடத்தில் நிற்கும். ஒரே மீனின் இரண்டு பருவத்தையும் பார்த்த அந்தக் காலத்து விஞ்ஞானிகள் இரண்டு தனி இனம் என்று எண்ணித் தனித்தனிப் பெயர் வைத்துவிட்டார்கள். அந்தப் பெயர்க் குழப்பம் தீரவே வெகுகாலம் ஆனது.

கோமாளி மீன் இதற்கு நேர் எதிர். கடல் சாமந்தி என்ற, பூப்போல் தெரியும் உயிரின் கொடுக்குகளுக்கு நடுவில் ஒரு குடும்பம் வாழும். அதில் பெரியது பெண். அவள் போய்விட்டால் அடுத்து நிற்கும் ஆண் பெண்ணாகிவிடும்.

இதற்கு நடைமுறையில் ஒரு முக்கியம் உண்டு. வலையில் பெரிய மீனாகப் பார்த்துப் பார்த்துப் பிடித்தால் கிளிமீன் கூட்டத்தில் ஆண்களே போய்விடுகின்றன. பெண்கள் சின்ன வயதிலேயே மாற வேண்டி வருகிறது. முட்டை குறைகிறது.

ராத்திரி போர்வை போர்த்திக்கொண்டு தூங்குமாமே?

கொசுவலை என்று சொல்லுங்கள், அதுதான் பொருத்தம். சில வகைக் கிளிமீன்கள் இருட்டியதும் பாறை இடுக்கில் ஒதுங்கி, செவுளுக்குப் பக்கத்திலிருந்து வழவழப்பான ஒன்றைச் சுரந்து, உடம்பைச் சுற்றி ஒரு மெல்லிய கூடு கட்டிக்கொள்ளும். முடிக்க ஒரு மணி நேரம்கூட ஆகும். விலாங்கு மோப்பம் பிடிக்காமல் இருக்கத்தான் இது என்று முன்பு சொன்னார்கள். 2011-ல் வந்த ஒரு சோதனையில், தூங்கும் மீனை எழுப்பாமல் கூட்டை மட்டும் நீக்கிப் பார்த்தார்கள். கூடு இல்லாத மீன்களை ரத்தம் உறிஞ்சும் சின்னச் சின்னக் கடல் பூச்சிகள் மொய்த்துவிட்டன. கூட்டுக்குள் இருந்தவை பெரும்பாலும் தப்பின.

பகலில் அந்தப் பூச்சியைக் கடித்து எடுக்கச் சுத்தக்கார மீன் இருக்கிறது. ராத்திரி அது தூங்கப் போய்விடும்.

அந்தச் சுத்தக்கார மீனைப் பற்றி இன்னும் சொல்லுங்கள்.

விரல் நீளம், நீல உடம்பில் கறுப்புக் கோடு. பாறையில் ஒரு குறிப்பிட்ட இடத்தில் கடை போட்டதுபோல் நிற்கும். பெரிய மீன்கள் வந்து வாயைத் திறந்து, செவுளை விரித்து அசையாமல் காத்து நிற்கும். இது உள்ளே போய்ப் பூச்சியைப் பொறுக்கும். விழுங்கக்கூடிய மீன்கூட இதை விழுங்காது. அச்சு அசலாக இதே வேடம் போட்டு, நெருங்கி வந்து சதையைக் கடித்துக்கொண்டு ஓடும் இன்னொரு மீனும் உண்டு! கண்ணாடியில் தெரிவது தன் உருவம்தான் என்று இந்த மீன் புரிந்துகொள்வதாக 2019-ல் வந்த ஒரு சோதனை சொல்கிறது. தொண்டையில் போட்ட புள்ளியைக் கண்ணாடியில் பார்த்துவிட்டு, தரையில் தேய்த்துத் துடைக்கப் பார்த்ததாம்.

வேறு என்ன மீன் பார்த்தீர்கள்?

ஜோடியாகவே திரியும் வண்ணத்துப்பூச்சி மீன். அந்தக் குடும்பத்தில் பலவற்றுக்குக் கண்ணின்மேல் கறுப்புக் கோடும் வால் பக்கம் பொய்க் கண்ணும் இருக்கும், கடிக்க வருபவன் தலை எது என்று ஏமாறுவதற்காக. கிளாத்தி ஒன்று பாறை இடுக்கில் போய்ச் செருகிக்கொண்டது. முதுகு முள்ளை நிமிர்த்திப் பூட்டிக்கொண்டால் அதை வெளியே இழுக்க முடியாது. வால் தொடங்கும் இடத்தில் கத்திபோல் முள் வைத்திருக்கும் மீனும் உண்டு. பிள்ளைகள் அதற்கு 'பிளேடு மீன்' என்று பேர் வைத்துவிட்டார்கள். கலவா ஒன்று நிழலில் படுத்திருந்தது. அன்றைக்குத் தண்ணீர் அவ்வளவு தெளிவில்லை, அதனால் இவ்வளவுதான்.

நம் காவிரி மீனுக்கு ஏன் இந்த நிறம் இல்லை?

கலங்கிய தண்ணீரில் நிறம் காட்டி என்ன பயன்? மண் நிறத்தில் இருப்பதுதான் அங்கே பத்திரம். ஆனாலும் ஒகேனக்கல்லில் பரிசலிலிருந்து நல்ல வெயிலில் கெண்டையின் செதிளைப் பாருங்கள். வெள்ளியும் தங்கமுமாக அதிலும் ஒளி விளையாடும்.

ஒகேனக்கல் பாறையும் ஒரு காலத்தில் பவளப்பாறையாக இருந்ததா?

இல்லை. அந்தப் பக்கம் கார்பனடைட் என்ற சுண்ணாம்புச் சத்துள்ள பாறை இருக்கிறது, அதனால் இந்தச் சந்தேகம் வந்திருக்கும். அது பூமிக்குள் உருகிய குழம்பிலிருந்து வந்தது. உலகத்தில் எந்தப் பவளமும் மீனும் தோன்றுவதற்கு வெகு காலத்துக்கு முந்தியது.

வீட்டுத் தொட்டியில் கிளிமீன் வளர்க்கலாமா? பையன் அடம் பிடிக்கிறான்.

வேண்டாம். நாள் முழுக்கப் பாறையைச் சுரண்டி மேய்கிற மீன். தொட்டியில் அதற்கு மேய்ச்சல் கிடையாது, பட்டினியில் செத்துப்போகும். கடல் மீன் தொட்டி என்றாலே உப்பு அளவு, வெப்பம் என்று தினமும் கவனிக்க வேண்டும். நம் ஊர் மின்வெட்டில் ஒரு ராத்திரி போதும் எல்லாம் முடிய.

அவ்வளவு ஆசையென்றால், அனுபவம் வந்த பிறகு, பண்ணையில் பிறந்த கோமாளி மீனைக் கேட்டு வாங்குங்கள். மண்டபத்தில் இருக்கும் மத்திய கடல் மீன்வள ஆராய்ச்சி நிலையத்தார் அதை முட்டையிலிருந்து வளர்க்கும் முறையைச் செய்து காட்டியவர்கள். கடலில் பிடித்த வண்ண மீனுக்குப் பின்னால் என்ன கதை இருக்கும் என்று சொல்ல முடியாது. பிலிப்பைன்ஸ், இந்தோனேசியா பக்கம் சயனைடு கரைசலைப் பாறை இடுக்கில் பீய்ச்சி மீனை மயக்கிப் பிடிக்கும் வழக்கம் பல பத்தாண்டுகளாக உண்டு. மீனும் பிழைப்பதில்லை, அந்தப் பவளமும் பிழைப்பதில்லை. பையனுக்கு இப்போதைக்கு ஒரு ஜோடி கப்பி வாங்கிக் கொடுங்கள். குட்டி போடுவதைப் பார்த்து அதிலேயே மூழ்கிவிடுவான்.

கிளிமீனைச் சாப்பிடலாமா?

சாப்பிடுகிறார்கள், கடற்கரையில் அது புதிதல்ல. நம் ஊருக்கு ஐஸ் பெட்டியில் வரும் மீன்களில் அது வருவது அரிது. ஆனால் என்னைக் கேட்டால், வந்தாலும் வாங்காதீர்கள் என்பேன். காரணம் கரீபியன் கடலில் நடந்தது.

அங்கே பாசியை மேய்ந்தவை இரண்டு: கிளிமீனும், முள் உருண்டைபோல் இருக்கும், நீண்ட முள் கொண்ட கடல் முள்ளெலி என்ற உயிரும். 1983, 84-ல் ஒரு நோய் வந்து முள்ளெலிகள் ஏறக்குறைய முழுதாகச் செத்துப்போயின. மிச்சம் இருந்த கிளிமீனைப் பல இடங்களில் ஏற்கெனவே பிடித்துத் தீர்த்திருந்தார்கள். பாசி ஏறிப் பவளத்தை மூடியது. கிளிமீன் மிச்சம் இருந்த இடங்களில் பாறை ஓரளவு தாக்குப்பிடித்தது. பெலிஸ் நாடு 2009-ல் கிளிமீன் பிடிப்பதையே தடை செய்தது.

மன்னார் வளைகுடாப் பவளப்பாறைகளின் நிலைமை எப்படி?

ராமேஸ்வரத்துக்கும் தூத்துக்குடிக்கும் நடுவில் 21 தீவுகள். 1986-ல் தேசியப் பூங்கா ஆக்கினார்கள், 560 சதுர கிலோமீட்டர். 100-க்கும் மேற்பட்ட பவள வகைகள். முன்பு சுண்ணாம்புக்காகப் பவளக் கல்லை வண்டி வண்டியாக வெட்டி எடுத்தார்கள். 21-ல் இரண்டு தீவுகள் தண்ணீருக்குள் போய்விட்டன. அந்த வெட்டு அதற்கு ஒரு பெரிய காரணம். இப்போது பவளத்தைச் சட்டம் காக்கிறது. வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் புலி இருக்கும் அதே முதல் அட்டவணையில் பவளமும் இருக்கிறது. ஆகவே கடற்கரைக் கடையில் வெள்ளைப் பவளக் கிளை விற்றால் அதை அலமாரிக்கு வாங்கி வராதீர்கள்.

வெட்டு நின்றாலும் வெப்பம் நிற்கவில்லை. பவளத்துக்கு நிறமும் பெரும்பகுதி உணவும் தருவது அதன் உடம்புக்குள் வாழும் நுண்பாசி. தண்ணீர் சில வாரம் வழக்கத்தைவிட ஓரிரு டிகிரி கூடச் சுட்டால் பவளம் அந்தப் பாசியை வெளியே தள்ளிவிட்டு வெளுத்துப்போகும். 2010-லும் 2016-லும் மன்னார் வளைகுடாவில் அப்படி நடந்தது. சூடு சீக்கிரம் தணிந்தால் பிழைக்கும். இல்லாவிட்டால் செத்து, வேறு பாசி மேலே படரும். அதை மேய்ந்து இடத்தைக் காலி செய்து வைக்கக் கிளிமீன் இருக்க வேண்டும், புதுக் குஞ்சு வந்து ஒட்டுவதற்கு.

நாங்களும் பார்க்க வேண்டும் என்றால்?

ராமநாதபுரம் மாவட்டக் கடற்கரையில் வனத்துறையினர் கண்ணாடிப் படகு விடுகிறார்கள். ஐப்பசி, கார்த்திகையில் போகாதீர்கள், மழையில் தண்ணீர் கலங்கியிருக்கும். பொங்கல் கழிந்து காற்று இல்லாத நாளாகப் பார்த்து, வெயில் ஏறிய பிறகு போங்கள். கிளம்பும் முன் படகு ஓடுகிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். பெரும்பாலான தீவுகளில் இறங்க அனுமதி இல்லை. படகில் சின்னப் பிள்ளைகளைக் கண்ணாடிக்குப் பக்கத்தில் விடுங்கள். பெரியவர்கள் செல்போனை உள்ளே வைத்துவிட்டால் நிறையப் பார்க்கலாம், கண்ணாடியில் உங்கள் முகம்தான் போட்டோவில் விழும்.

அந்த மீன் இப்ப என்ன பண்ணிட்டு இருக்கும்?

மூன்றாம் வகுப்புக் குட்டி ஒருத்தி, அக்கா சொன்னதைக் கேட்டுவிட்டு வந்து கேட்டது. மணி என்ன என்று பார்த்துச் சொல்கிறேன் என்றேன். காலை பத்து மணி. வெயில் பாறையில் இறங்கியிருக்கும். மேய்ச்சலில் இருக்கும், ஒரு கடி, கொஞ்சம் நீச்சல், மறுபடி ஒரு கடி. சாயங்காலம் நீ சாப்பிட்டுப் படுக்கும் நேரத்தில் அதுவும் இடுக்கு தேடிப் போய்விடும்.

"மணல் போடுமா?" என்றாள்.

போட்டுக்கொண்டுதான் இருக்கும்.